ஆவி வீடு

போன வாரம் ராமாத்தாளை லயத்து வாசற்படியில் உட்கார வைத்துவிட்டு வந்தோம். பாவம், அவள் இன்னும் எழுந்திருக்கவில்லை. முதுகுக்குப் பின்னால் மகள் ஜெயமணி பிரசவ வலியில் பாயைப் பிறாண்டிக்கொண்டு கிடக்கிறாள். முகத்துக்கு முன்னால் பட்டாளத்து லாரிகள் நிற்கின்றன.

பொழுது விடிகிற நேரத்திலேயே மலாக்காவின் கல்லுமலை ரப்பர் தோட்டத்தை வளைத்துவிட்டார்கள். முந்தின நாள் செர்காம் போகிற ரோட்டில், காட்டில் ஒளிந்து அரசாங்கத்தோடு சண்டை போடும் காட்டுக்காரர்கள் ஒரு லாரியைச் சுட்டார்களாம். அதனால் இன்றைக்குக் கர்பியூ. ஆண்கள் எல்லோரும் காலையில் வேலைக்குப் பேர் கூப்பிடும் பெரட்டுக்களத்தில் வரிசையாக நிற்க வேண்டும். பெண்கள் வீட்டுக்குள் இருக்க வேண்டும். எந்த வீட்டிலும் அடுப்பு எரியக் கூடாது. ஒரு பிடி அரிசி பொங்கினாலும் பாதி காட்டுக்குப் போய்விடும் என்று அவர்களுக்குச் சந்தேகம். சோறு பொதுச் சமையலிலிருந்து வரும் என்று சொல்லிவிட்டுப் போனார்கள். சோறு வரும். பிள்ளைப்பேற்றுக்கு வெந்நீர் எங்கிருந்து வரும்?

அவள் புருஷன் நாகமுத்து துண்டைத் தலையில் கட்டிக்கொண்டு கிளம்பும்போது மகளை ஒரு பார்வை பார்த்தான். “மாரியாத்தா பாத்துக்குவா” என்று மட்டும் சொன்னான். ராமாத்தாளுக்குக் கோபம்தான் வந்தது. மாரியாத்தா பார்த்துக்கொள்வாள், தண்ணீர் யார் சுடவைப்பது?

மருத்துவச்சி ராஜம்மா இருப்பது மேல் டிவிஷனில். நடுவே முள்கம்பி வேலி, கேட்டில் பூட்டு. தோட்டத்தில் வைத்தியம் பார்க்கும் டிரஸர் மருந்து வாங்க நேற்றே டவுனுக்குப் போனவர், திரும்பி வர வழியில்லாமல் அங்கேயே மாட்டிக்கொண்டார். இருந்திருக்க வேண்டிய இன்னொருவனோ இல்லவே இல்லை. அவன் ஜெயமணியின் புருஷன் வீராசாமி.

வீராசாமி, தோட்டத்து மெஷின்களைப் பார்த்துக்கொண்ட வெள்ளைக்காரரான மெஷின் துரைக்குக் கார் ஓட்டியவன். மழைக்கு முன்னால் ஒரு நாள், டவுனிலிருந்து திரும்பும் வழியில் அந்தக் காரின் மேல் குண்டு பாய்ந்ததை நீங்கள் மறந்திருக்க மாட்டீர்கள். துரைக்கு வயிற்றில் அடி. வீராசாமிக்கு ஒரு கீறல் இல்லை. அவன் துரையை முதுகில் தூக்கிக்கொண்டு ரப்பர் மரங்களுக்குள் ஓடி, வீட்டுக்குக் கொண்டுவந்து சேர்த்தான். வழியில் துரை தன் பாஷையில் ஏதோ சொல்லியிருக்கிறார். அர்த்தம் தெரியாமல், கேட்ட சத்தத்தை அப்படியே துரைசானியிடம் ஒப்பித்தான் வீராசாமி. அதைக் கேட்ட துரைசானியின் முகம் சுண்ணாம்பாய் வெளுத்தது. என்ன சொன்னார் என்று அந்த அம்மாள் இன்றுவரை யாரிடமும் வாய் திறக்கவில்லை.

கீறல் இல்லாமல் வந்ததே குற்றமாகிவிட்டது, காட்டுக்காரர்களோடு சேர்ந்தவனோ என்று சந்தேகம். அடுத்த வாரம் ஒரு ஆபீசர் லயத்துக்கு வந்தார். தோட்டத்து ஆபீஸில் கணக்கு எழுதும் தம்புசாமி கிராணியை மொழிபெயர்க்க வைத்துக்கொண்டு, வாசலில் நின்ற ஜெயமணியிடம் அவள் புருஷன் பேரைக் கேட்டார்.

புருஷன் பேரை எந்தப் பெண் வாயால் சொல்லுவாள்? அவள் தலையைக் குனிந்தாள், தாலியைத் தொட்டுக் காட்டினாள். மற்ற நாளாக இருந்தால் பக்கத்து வீட்டுக்காரி எடுத்துக் கொடுத்திருப்பாள். அன்றைக்குத் துப்பாக்கிக்கு முன்னால் யாருக்கும் நாக்கு எழவில்லை. ஆபீசர் மறுபடியும் கேட்டார். அவள் மறுபடியும் தாலியைத் தொட்டாள். “சொல்ல மாட்டாள்” என்று கிராணி இங்கிலீஷில் சொன்னார். அதில் பொய் ஒன்றும் இல்லை. ஏன் சொல்ல மாட்டாள் என்பதைத்தான் அவர் சொல்லவில்லை. தமிழராய்ப் பிறந்த அவருக்குத் தெரியாத வழக்கமா? ஆபீசர் இவள் எதையோ மறைக்கிறாள் என்று முடிவு செய்தார். வீராசாமியை ஜீப்பில் ஏற்றிக்கொண்டு போனார்கள்.

அன்று முதல் ஜெயமணி அதிகம் பேசுவதில்லை. வயிறு வளர வளர வாய் சுருங்கிப் போயிற்று.

*

“ராமாத்தா, தண்ணி ஒடைஞ்சிருச்சா?” என்று பலகைச் சுவருக்கு அந்தப் பக்கத்திலிருந்து முத்தாயி கேட்டாள். லயத்தில் சுவர் என்பது பேருக்குத்தான். தும்மினால் ஐந்தாவது வீட்டில் நூறு என்பார்கள்.

உடைந்து வெகுநேரம் ஆயிற்று என்றாள் ராமாத்தாள். அவள் குரல் அவளுக்கே பிடிக்கவில்லை.

முத்தாயி சுவர் வழியாகவே வைத்தியம் சொல்ல ஆரம்பித்தாள். இடது பக்கம் ஒருக்களித்துப் படுக்கச் சொல், சீரகத்தை மென்று முழுங்கச் சொல், குலதெய்வத்துக்கு ஒரு காசு முடிந்து வை. சீரகம் எங்கே இருக்கிறது? பட்டாளத்தார் டப்பாக்களையெல்லாம் கொட்டிக் கவிழ்த்துவிட்டுப் போயிருந்தார்கள். மஞ்சளும் மிளகும் மண்ணும் ஒன்றாய்க் கிடந்தன.

அப்போதுதான் செம்மண் பாதையில் அந்த நெட்டை உருவம் இறங்கி வந்தது. கறுப்புப் பை, கறுப்புக் குடை. நடையில் அவசரமும் இல்லை, தயக்கமும் இல்லை. சிப்பாய்கள் வழி விட்டார்கள். வெள்ளைத் தோலுக்குக் கர்பியூ ஏது.

அது எல்மியம்மா. மெஷின் துரையின் பெண்சாதி. துணி துவைக்க ராமாத்தாள் இன்றைக்கு வரவில்லை என்றதும், ஜெயமணிக்கு மாதம் நிறைந்தது நினைவுக்கு வந்து, அவராகவே கிளம்பி வந்திருக்கிறார்.

புதிதாய்ப் படிக்க வந்தவர்களுக்காக இவரைப் பற்றி இரண்டு வார்த்தை. இவர் இங்கிலீஷ்காரி அல்ல, பின்லாந்துக்காரி. லயத்துப் பிள்ளைகள் அதைப் “பின்னால வந்தம்மா” ஆக்கிவிட்டார்கள். வருஷத்தில் பாதி பனி மூடிக் கிடக்கும் தேசம். அங்கே எல்லோரும் லுத்தரன் வேதக்காரர்கள். கல்யாணத்துக்கு முன் தஞ்சாவூர்ப் பக்கம் ஒரு மிஷன் ஆஸ்பத்திரியில் தாதியாக இருந்தவர், அங்கே வேதப்புத்தகத்தை வைத்துத் தமிழ் கற்றார். அதனால் அவர் பேசினால் யாரோ கடுதாசி வாசிக்கிறமாதிரி இருக்கும். ஊருக்குத் திரும்பிக் குடும்பம் நடத்தினார். பெரிய யுத்தத்தில் அவர் பிறந்த கிராமம் வேறு தேசத்துக்குப் போய்விட்டது. வீட்டைப் பூட்டிச் சாவியை மடியில் முடிந்துகொண்டு ரயில் ஏறியவர்கள், திரும்பிப் போக வீடு இல்லாமல், கடைசியில் இந்தத் தோட்டத்து மெஷின் கொட்டகைக்கு வந்து சேர்ந்தார்கள்.

வந்ததும் அந்தத் துரை செய்த முதல் காரியம், வீட்டுக்குப் பின்னால் பலகையில் சவுனா என்ற ஒரு சின்ன வீடு கட்டியது. அடித்துக் கொடுத்தவன் நாகமுத்து. புதிதாய்ப் புகைவீடு கட்டுகிறார்கள் என்று நினைத்து, ரப்பர் சீட்டுத் தொங்கவிடக் கம்பு எங்கே என்று கேட்டான். துரை தன் நெஞ்சைத் தொட்டுச் சிரித்தார். சீட்டு இல்லை, காயப்போவது நான்தான் என்று.

ஒரு அடுப்பு, அதன் மேல் ஆற்றுக் கற்கள். கல் சூடேறியதும் தண்ணீரை அள்ளி வீசுவார்கள். குப்பென்று ஆவி எழும். அதற்குள் புருஷனும் பெண்சாதியும் சனிக்கிழமை தோறும் உட்காருவார்கள். மறுநாள் கோயில் நாள், உடம்பைச் சுத்தம் செய்துகொண்டுதான் ஜெபத்துக்கு உட்கார வேண்டுமாம். அவர்கள் ஊரில் ஏதோ ஒரு மரத்துக் கிளையைக் கட்டி உடம்பில் தட்டிக்கொள்வார்களாம். இங்கே அந்த மரம் இல்லை. மாரியம்மன் கோயில் வேம்பிலிருந்து ஒடித்து வாங்கிப் போனார் துரை. சிவந்த முகமும் வேப்பிலைக் கொத்துமாய் அவர் வெளியே வந்ததைப் பார்த்த முத்தாயி, “தொரைக்குச் சாமி வந்திருச்சு” என்று லயம் முழுக்கச் சொல்லிவிட்டாள். மலாக்கா வெயிலில் வேகிறது போதாதென்று உள்ளே போய் வேறு வேகிறார்கள் என்று பெண்கள் தண்ணீர்க் குழாயடியில் சிரித்தார்கள்.

குண்டடி பட்டுத் துரை செத்த அன்று அந்தச் சிரிப்பு நின்றது. வீராசாமி முதுகிலிருந்து இறக்கிய புருஷனை எல்மியம்மா அந்த வீட்டில்தான் கிடத்தினார். வேறு யாரையும் தொடவிடவில்லை. தானே வெந்நீர் வைத்து, தானே கழுவி, தானே வெள்ளை உடுத்தினார். ஒரு ஓலம் இல்லை, மாரில் ஒரு அடி இல்லை. தெங்கேராவில் ஒரு வீட்டு முன்கூடத்தில் கூடி ஜெபிக்கிற தமிழ் லுத்தரன் குடும்பங்கள்தான் அடக்கத்துக்கு வந்தார்கள். அவர்கள் தமிழில் பாடினார்கள். அந்த அம்மாள் அதே ராகத்தில் தன் பாஷையில் பாடினார். அழத் தெரியாத கல்நெஞ்சுக்காரி என்று லயம் பேசியது.

அதற்குப் பிறகு ஒரு நாள் முத்தாயி அந்த வீட்டைக் காட்டி, இனி இதை என்ன செய்வீர்கள் என்று கேட்டாள். எல்மியம்மா தன் புத்தகத் தமிழில் பதில் சொன்னார்: “அதில் நல்ல ஆவி இருக்கிறது. அதை இடிக்க மாட்டேன்.”

முத்தாயி அலறிக்கொண்டு ஓடிவந்தாள். அன்றிலிருந்து லயத்தில் யாரும் அந்தப் பக்கம் விறகு பொறுக்கக்கூடப் போவதில்லை. பேரே ஆவி வீடு ஆயிற்று.

*

எல்மியம்மா உள்ளே குனிந்து வந்து, ஜெயமணியின் வயிற்றில் கை வைத்து, காதை வைத்துக் கேட்டார். பிறகு ராமாத்தாளை நிமிர்ந்து பார்த்தார்.

“இவ்விடத்தில் ஆகாது. வெளிச்சம் இல்லை, வெந்நீர் இல்லை. பிள்ளை களைத்துப்போகிறது. என் வீட்டுக்குக் கொண்டுபோவோம். சவுனாவில் காலையிலேயே நெருப்புப் போட்டிருக்கிறேன்.”

 ராமாத்தாள் சொல்ல நினைத்ததைச் சுவர் சொல்லிவிட்டது.

“பொணங் கெடந்த எடத்துலயாடி புள்ள பெக்கப் போற?” என்றாள் முத்தாயி. “ஆவி இருக்குன்னு அந்தம்மாவே சொல்லிச்சு. பச்ச ஒடம்புக்காரிய அங்க கொண்டுபோனா உருப்படுமா? ரெண்டையும் சேத்துப் பறிகுடுப்ப.”

எல்மியம்மாவுக்கு எல்லாம் விளங்கியது. சுவரைப் பார்த்துப் பேசாமல் ராமாத்தாளைப் பார்த்துப் பேசினார்.

“எங்கள் ஊரில் நான் பிறந்தது அப்படிப்பட்ட வீட்டில்தான். என் தாயும் அங்கேதான் பிறந்தாள். அதே பலகையில் என் பாட்டனைக் கழுவினார்கள். வீட்டில் எல்லாவற்றிலும் சுத்தமான இடம் அது. வருகிறவர்களுக்கும் போகிறவர்களுக்கும் அதைத்தான் கொடுப்போம்.”

ராமாத்தாளுக்கு அந்த நாள் நினைவுக்கு வந்தது. வாளித் தண்ணீரோடு அவள் கதவருகே நின்றாள். உள்ளே அந்த அம்மாள் புருஷனின் காதுமடலுக்குப் பின்னால், கழுத்துக்குழியில், விரல் இடுக்கில், பச்சைப்பிள்ளையைக் குளிப்பாட்டுகிறமாதிரி துடைத்துக்கொண்டிருந்தார். கல்நெஞ்சு என்று அதற்குப் பிறகு ராமாத்தாள் ஒரு நாளும் சொன்னதில்லை. ஆனால் அது வேறு. இது மகள். தீட்டுப் பட்ட இடத்தில் தலைச்சன் பிள்ளையைப் பெற வைத்து, நாளைக்கு ஒன்று ஆகிப்போனால் வீராசாமிக்கு என்ன பதில் சொல்வாள்? நாகமுத்துவைக் கேட்கலாம் என்றால் அவன் வெயிலில் நிற்கிறான்.

“அம்மா” என்றாள் ஜெயமணி. வெகுநாளைக்குப் பிறகு அவளாக எடுத்த பேச்சு. “போலாம்மா.”

“கண்ணு, அந்த எடம்…”

“அவரு தொரையத் தூக்கிட்டுப் போயி எறக்கி வச்ச எடந்தானே. அவரு காலு பட்ட எடம்.” வலி வந்து அவளை வளைத்தது. அது போகும்வரை பொறுத்துச் சொன்னாள்: “எனக்கு அங்க பயமில்ல.”

ராமாத்தாள் எழுந்தாள். சுவருக்கு அந்தப் பக்கம் முத்தாயி அழுகிற சத்தம் கேட்டது. திட்டுகிறவளுக்குத்தான் அழவும் தெரியும்.

இருவரும் இரண்டு பக்கம் தோள் கொடுத்து அவளை நடத்தினார்கள். வேலிக் கேட்டில் காவல் நின்ற மலாய்க்காரப் பையன் காசிம், எல்மியம்மாவைப் பார்த்ததும் துப்பாக்கியைத் தோளில் மாட்டிக்கொண்டு பூட்டைத் திறந்தான். “லெக்காஸ், காக், லெக்காஸ்”, சீக்கிரம் அக்கா சீக்கிரம் என்று அவசரப்படுத்தினானே ஒழிய அவர்களை நேராகப் பார்க்கவில்லை. தன் அக்காளை இந்தக் கோலத்தில் பார்த்தமாதிரி முகத்தை அந்தப் பக்கம் வைத்துக்கொண்டான்.

மேட்டில் ஏறும்போது தூரத்தில் பெரட்டுக்களம் தெரிந்தது. வரிசை வரிசையாக ஆண்கள். அதில் ஒருவன் தலைத்துண்டை அவிழ்த்து இரண்டு கையிலும் பிடித்துக்கொண்டு நின்றான். கோயிலில் நிற்கிறமாதிரி. முகம் தெரியவில்லை. தெரிய வேண்டியதும் இல்லை.

*

உள்ளே அவள் பயந்தமாதிரி ஒன்றும் இல்லை. ரப்பர் விறகுப் புகையின் வாசம், காய்ந்த வேப்பிலை வாசம். தேய்த்துத் தேய்த்து வெளுத்த பலகைகள். சின்ன ஜன்னல் வழியாக ஒரு துண்டு வெயில். சூடு கொளுத்தவில்லை, அடுப்பங்கரையில் உட்கார்ந்தமாதிரி இதமாக இருந்தது. வாளி நிறைய வெந்நீர், வாளி நிறையப் பச்சைத் தண்ணீர், கொதிக்க வைத்த துணிகள்.

அந்தச் சூட்டில் ஜெயமணியின் இடுப்பு இளகியது. எல்மியம்மா அதிகம் பேசவில்லை. மூச்சை விடு, இப்போது முக்கு, இப்போது சும்மா இரு. ஒவ்வொன்றும் வேதப்புத்தகத் தமிழ். ஆனால் கை லயத்துப் பெண்களின் கைபோல் வேலை செய்தது. ராமாத்தாள் மகளின் தலையை மடியில் தாங்கிக்கொண்டாள். ஜன்னல் வெயில் பலகையை விட்டுத் தரைக்கு இறங்குகிற வேளையில் பிள்ளை வந்தது.

ஆண்பிள்ளை. கழுத்தில் கொடி சுற்றியிருந்தது. நீலம் பாரித்திருந்தது. அழவில்லை.

எல்மியம்மா கொடியை எடுத்தார், வாயில் விரல் விட்டுத் துடைத்தார், கவிழ்த்து முதுகில் தேய்த்தார், பாதத்தில் தட்டினார். பிள்ளை துவண்டு கிடந்தது. ஜெயமணி, “ஏம்மா சத்தமே இல்ல?” என்று கேட்டாள். 

அப்போது அந்த அம்மாளின் வலது கை வாளிக்குள் போயிற்று. தண்ணீரை உள்ளங்கையில் ஏந்திப் பிள்ளையின் தலைக்கு நேரே கொண்டுவந்தார். உதடு தானாக முணுமுணுக்கத் தொடங்கியது.

ராமாத்தாளுக்குப் புரிந்துவிட்டது. பாதிரியார் இல்லாத இடத்தில், சாகக் கிடக்கும் பிள்ளைக்கு யார் வேண்டுமானாலும் தண்ணீர் ஊற்றி ஞானஸ்நானம் கொடுக்கலாம், கொடுக்காமல் விடக்கூடாது என்று துணி மடிக்கும்போது ஒரு நாள் அவரே சொல்லியிருக்கிறார். ராமாத்தாள் அந்த மணிக்கட்டைப் பிடித்தாள்.

“வேணாம்மா. இது எங்க புள்ள.”

“தாமதிக்கக் கூடாது” என்றார் எல்மியம்மா. குரல் நடுங்கியது. புருஷன் செத்த அன்றுகூட நடுங்காத குரல். “ரயிலில் என் மகளுக்கு நானே கொடுத்தேன். என் மடியிலேயே போய்விட்டாள். இப்படித்தான் இருந்தாள். இதே நிறம்.”

அப்படி ஒரு மகள் இருந்தாள் என்பதே ராமாத்தாளுக்கு அன்றுதான் தெரியும். பிடித்த கையை அவள் விடவில்லை. ஆனால் பிடி மாறியது. தடுக்கிற பிடி தாங்குகிற பிடியாயிற்று.

“அது போயிருச்சும்மா. இது இன்னும் போவல. பாருங்க, நெஞ்சுக்குழி அசையுது.” அவளுக்கே எங்கிருந்து வந்தது என்று தெரியாமல் அடுத்த வார்த்தை வந்தது: “சளி அடைச்சா நாங்க வேது புடிப்போம். ஆவி பட்டா நெஞ்சு தொறக்கும். அந்தத் தண்ணியக் கல்லுல ஊத்துங்கம்மா.”

எல்மியம்மா அவளையே பார்த்தார். பிள்ளையைப் பார்த்தார். அவருடைய தேசத்தில் அந்தக் கல்லிலிருந்து எழுவதற்கு ஒரு பேர் உண்டு. ஆதி நாளில் அந்தச் சொல்லுக்கு உயிர் என்றுதான் அர்த்தமாம். தமிழில் பரிசுத்த ஆவி என்று படித்தவர், சோற்றுப் பானையிலிருந்து எழுவதற்கும் ஆவி என்றுதான் பேர் என்று முதல்முதல் கேட்டபோது சந்தோஷத்தில் கண் கலங்கினாராம். முத்தாயியிடம் அவர் சொல்ல வந்ததும் அதைத்தான். யார் காதில் என்ன விழ வேண்டுமோ அது விழுந்தது.

உள்ளங்கைத் தண்ணீர் விரல் இடுக்கில் வழிந்துகொண்டிருந்தது. ஒரு கணம் கையை அப்படியே பிள்ளையின் தலைக்கு மேல் வைத்திருந்தார். பிறகு திரும்பி, மிச்சமிருந்ததைக் கல்லின் மேல் வீசினார். அகப்பையால் இன்னும் ஒரு அள்ளு, இன்னும் ஒன்று.

கல் சீறியது. வெள்ளையாய் எழுந்த ஆவி கூரையைத் தொட்டு, தாழ்ந்து, அவர்கள் எல்லோரையும் மூடியது. அதற்குள் எல்மியம்மா பிள்ளையை மார்போடு அணைத்து, அதன் வாயோடு வாய் வைத்து மெல்ல ஊதினார். ராமாத்தாள் அதன் முதுகைத் தேய்த்துக்கொண்டே இருந்தாள். மாரியாத்தா என்று அவள் உதடும், ஊதி நிறுத்துகிற இடைவெளியில் கர்த்தாவே என்று அவர் உதடும் ஒரே சமயத்தில் அசைந்தன. யார் குரல் எது என்று அந்த ஆவிக்குள் பிரித்துச் சொல்ல முடியாது.

முதலில் ஒரு விக்கல். பிறகு தும்மல்மாதிரி ஒன்று. அதற்குப் பிறகு வந்த அழுகை, பெரட்டுக்களம் வரைக்கும் கேட்டது என்று நாகமுத்து பிற்பாடு சத்தியம் செய்தான்.

அழத் தெரியாதவர் என்று லயம் பேசிய அந்த அம்மாள் பலகையில் உட்கார்ந்து, முகத்தைத் துடைக்காமல் அழுதார்.

*

புகைபோக்கியிலிருந்து எழுந்த புகையை மற்றவர்களும் பார்த்திருக்கிறார்கள். நெருப்பு மூட்டக் கூடாத நாளில் மேட்டில் புகை எழுந்தால் சும்மா விடுவார்களா? ஜீப் வந்து நின்றது. அதே ஆபீசர். பின்னால், சட்டை வேர்வையில் ஒட்டிக்கொள்ள, அதே தம்புசாமி கிராணி.

ராமாத்தாள் பிள்ளையைத் துணியில் சுருட்டி மார்போடு வைத்துக்கொண்டு வாசலில் நின்றாள். ஆபீசர் பிள்ளையைப் பார்த்ததும் தொப்பியைக் கொஞ்சம் பின்னுக்குத் தள்ளினார். கிராணியிடம் ஏதோ கேட்டார்.

“கொழந்தைக்குத் தகப்பன் யாருன்னு தொரை கேக்கறாரு” என்றார் கிராணி, தரையைப் பார்த்துக்கொண்டு.

அவருக்குத் தெரியாதா?  அந்தப் பேரைச் சொன்னால் பிறந்த உடனேயே பிள்ளைமேல் முத்திரை விழும். நாகமுத்து வீட்டுப் பேரன் என்று சொல்லித் தப்பிக்கலாம். ராமாத்தாள் வாயைத் திறந்தாள்.

“வீராசாமி.”

சொன்னது அவள் இல்லை. உள்ளேயிருந்து வந்தது. தளர்ந்த குரல்தான், ஆனால் தெளிவாக இருந்தது.

“எம் புருஷன் பேரு வீராசாமி” என்றாள் ஜெயமணி. “அன்னிக்கு நான் மறைக்கல. எங்களுக்கு அத வாயால சொல்லக் கூடாது. சொல்லாமப் போனதுலதான் அவரு போனாரு. இப்ப எத்தன தடவ வேணும்னாலும் சொல்றேன்.”

 கிராணி கைக்குட்டையை எடுத்தார், முகத்தைத் துடைக்காமல் கையிலேயே வைத்துக்கொண்டார். பிறகு ஆபீசரிடம் பேசினார். ராமாத்தாளுக்கு இங்கிலீஷ் தெரியாது. ஆனால் ஒரு பேரைச் சொல்ல அத்தனை நேரம் ஆகாது என்று தெரியும். நடுவே அவர் தன் நெஞ்சைத் தொட்டுக் காட்டி ஏதோ சொன்னார். ஆபீசர் அவரை முறைத்தார். முறைப்பு மெல்ல வேறு என்னவாகவோ மாறி, அவர் கதவை நோக்கி இரண்டடி வைத்தார்.

எல்மியம்மா ஈரக் கைகளைத் துணியில் துடைத்துக்கொண்டு வெளியே வந்தார். இங்கிலீஷ் தெரிந்தவர், ஆபீசரைப் பார்த்துத் தமிழில் பேசினார். ராமாத்தாளும் உள்ளே படுத்திருப்பவளும் முதலில் கேட்கட்டும் என்பதுபோல.

“என் கணவர் வீராசாமியின் முதுகில் கிடந்து கடைசியாகச் சொன்னதை இதுவரை நான் யாருக்கும் சொல்லவில்லை. அது என் வீட்டு வார்த்தை என்று வைத்துக்கொண்டேன். இன்று இந்தப் பெண் தன் வீட்டு வார்த்தையை வெளியே வைத்துவிட்டாள். இனி நானும் வைக்கிறேன். கிராணி, ஒரு சொல் விடாமல் மொழிபெயர்.”

அந்த வார்த்தையைக் கேட்ட அன்று இந்த முகம் எப்படி வெளுத்தது என்பது ராமாத்தாளின் கண்ணுக்கு முன் வந்தது. அது வீராசாமியை மீட்கிற வார்த்தையா, புதைக்கிற வார்த்தையா? கைக்குள் பிள்ளை வெதுவெதுப்பாக மூச்சு விட்டது. அவள் அதை இன்னும் இறுக்கிக்கொண்டு, அந்த அம்மாளின் உதட்டையே பார்த்து நின்றாள்.

திறந்த கதவு வழியாக ஆவி அவர்கள் தலைக்கு மேல் வெளியேறிக்கொண்டிருந்தது.